டோக்கியோ மீன் சந்தையின் வாரிசுகள்

டோக்கியோ நகரத்து மீன் சந்தையில் கடை நடத்தும் குடும்பத்தில், தகப்பனாருக்குப் பின் மகனுக்கு வந்து சேரும் சொத்து யாது என்று விசாரித்தால், கடை இருக்கும் இடம் என்று சொல்வதற்கில்லை; ஏனெனில், 1935-இல் திறக்கப்பட்ட ஸுகிஜி சந்தையில், நல்ல இடம் கிடைத்தவரே என்றென்றும் லாபம் அடைந்துவிடக் கூடாதென்ற நியாயத்தை முன்னிட்டு, சில ஆண்டுகளுக்கு ஒருமுறை குலுக்கல் நடத்திக் கடைகளை இடம் மாற்றிவிடும் சம்பிரதாயம் இருந்தது. மாறாமல் வந்தவை கடையின் பெயரும், வியாபார உரிமமும், அந்தப் பெயரை நம்பி விடியற்காலையில் வந்து நிற்கும் வாடிக்கைக்காரர்களின் விசுவாசமுமே.

இக்குடும்பங்கள் ஏலத்தில் மொத்தமாக மீன் எடுத்து, அதை அறுத்து, உணவு விடுதிகளுக்கும் சில்லறைக் கடைகளுக்கும் விற்பவை. அந்நாளில் எடோ என்று வழங்கிய இந்நகரத்தின் கோட்டைக்குக் கொடுத்தது போக மிஞ்சிய மீனை விற்பதற்கென்று நிஹோன்பாஷிப் பாலத்தருகே தோன்றிய பழைய சந்தை, 1923-ஆம் ஆண்டுப் பூகம்பத்தில் நாசமாகும் வரை, இத்தொழிலுக்குத் தாய்வீடாக இருந்தது.

கற்றுக்கொள்வதில் மிகக் கடினமானது சூரை மீனைப் பார்க்கும் பார்வைதான். ஏலக்கூடத்தில் வரிசையாகக் கிடத்தியிருக்கும் மீன்களின் வாற்புறம் முன்னரே நறுக்கப்பட்டிருக்கும். அந்த வெட்டுமுகத்தில் கைவிளக்கின் ஒளியைப் பாய்ச்சி, சதையில் ஒரு துணுக்கைக் கிள்ளி விரல்களிடையே தேய்த்து, அதன் நிறத்தையும் எண்ணெய்ப் பசையையும் கொண்டு, உள்ளே எவர் கண்ணுக்கும் இன்னும் புலப்படாத மாமிசத்தின் தரத்தை அநுமானித்து, கண நேரத்தில் விரற்குறியால் விலை கேட்க வேண்டும். அநுமானம் பிசகினால் நஷ்டம் கடையைச் சேரும். ஆகையால் மகனானாலும், அருகே நின்று பல காலம் பார்த்துப் பழகாமல் இந்தப் பொறுப்பை ஏற்பது எளிதன்று. கத்தியும் அப்படியே. ஒரு மீட்டருக்கும் மேல் நீளமுள்ள அந்த அலகை, ஒருவர் பிடியிலும் மற்றொருவர் துணி சுற்றிய நுனியிலும் பற்றி, முதுகெலும்பை ஒட்டிச் செலுத்தும்போது, இருவர் கைகளும் ஒரே வேகத்தில் நகராவிட்டால் விலையுயர்ந்த சதை எலும்போடு தங்கிவிடும்.

பெண்களின் பங்கைப் பலர் கவனிப்பதில்லை. கடைக்குள் கூண்டு போன்ற சிறு கல்லாவில் அமர்ந்து கணக்கை நடத்துபவள் பெரும்பாலும் மனைவியோ மகளோதான். ஆண் வாரிசு இல்லாத ஜப்பானிய வணிகக் குடும்பங்களில் மருமகனைச் சுவீகாரம் செய்து, குலப்பெயரையும் தொழிலையும் சேர்த்தே அவனுக்கு அளிப்பது நெடுநாளைய வழக்கம்.

2018 அக்டோபரில் சந்தை டொயோஸுவுக்கு மாறிற்று. குளிரூட்டிய விசாலமான கட்டடம் அது. ஆயினும், பேரங்காடிகள் சந்தையைச் சாராமல் நேரே கொள்முதல் செய்யத் தொடங்கியதால் வியாபாரம் முன்பே மெலிந்திருந்த நிலையில், புதிய இடத்துக்கான செலவையும் தம் வயதையும், பின்னால் வருவதற்குப் பிள்ளைகள் இல்லாததையும் யோசித்த முதியவர்கள் பலர், தம் பாட்டனார் காலத்துக் கடையை ஸுகிஜியிலேயே மூடிவிட்டார்கள்.