ஸ்டாண்டர்டு ஹெரால்டு

ஸ்டாண்டர்டு ஹெரால்டு என்பது 1961 முதல் சென்னைக்குத் தெற்கே, தாம்பரத்தை அடுத்துள்ள பெருங்களத்தூர் – வண்டலூர் பகுதியில் தயாரிக்கப்பட்ட சிறிய குடும்பக் கார் ஆகும். இதைத் தயாரித்தது ஸ்டாண்டர்டு மோட்டார் புராடக்ட்ஸ் ஆஃப் இந்தியா என்ற நிறுவனம். பிரிட்டனின் டிரையம்ப் ஹெரால்டு காரே இதன் மூலம். இந்தியாவில் மார்க் 1, மார்க் 2, மார்க் 3 என வளர்ந்து, 1972-இல் கெஸல் என்ற பெயரில் உருமாறி, 1977-இல் இந்த வரிசை முடிவுக்கு வந்தது. அம்பாசடர், ஃபியட் ஆகிய இரண்டோடு மூன்றாவதாக அக்காலத்துச் சாலைகளில் ஓடிய கார் இது.

ஒரே கார் பிரிட்டனில் ஒரு விதமாகவும் இந்தியாவில் வேறு விதமாகவும் வளர்ந்தது என்பதே ஹெரால்டின் தனிச்சிறப்பு. அங்கே எஞ்சின் மாறியது. கதவுகளும் பின்னச்சும் அப்படியே இருந்தன. இங்கே எஞ்சின் அப்படியே இருந்தது. கதவுகளும் பின்னச்சும் மாறின.

பின்னணி

சென்னையின் யூனியன் கம்பெனியும் இங்கிலாந்தின் ஸ்டாண்டர்டு மோட்டார் கம்பெனியும் சேர்ந்து 1948-இல் இந்நிறுவனத்தைத் தொடங்கின. தொழிற்சாலை தாம்பரத்திலிருந்து செங்கல்பட்டு நோக்கிச் செல்லும் ஜி.எஸ்.டி. சாலையோரத்தில், ரயில் பாதைக்கு அருகிலேயே அமைந்தது. முதலில் வந்தது வேன்கார்டு என்ற பெரிய கார்.

அப்போது இந்தியாவில் பல வெளிநாட்டு நிறுவனங்கள் உதிரிபாகங்களை இறக்குமதி செய்து, இங்கே பூட்டி விற்று வந்தன. 1953-இல் சுங்கவரி ஆணையத்தின் பரிந்துரையை ஒட்டி, பாகங்களைப் படிப்படியாக உள்நாட்டிலேயே தயாரிக்கும் திட்டம் உள்ள நிறுவனங்களுக்கு மட்டுமே இனி இடம் என்று அரசு முடிவெடுத்தது. ஜெனரல் மோட்டார்சும் ஃபோர்டும் வெளியேறின. இந்துஸ்தான் மோட்டார்ஸ், பிரீமியர் ஆட்டோமொபைல்ஸ் ஆகியவற்றுடன் கார் தயாரிப்பில் நிலைத்தது ஸ்டாண்டர்டு.

ஹெரால்டுக்கு முந்தைய சிறிய கார்கள்

1950களின் நடுப்பகுதியில் ஸ்டாண்டர்டு எயிட், ஸ்டாண்டர்டு டென் என்ற சிறிய கார்கள் இங்கே தயாராகத் தொடங்கின. எயிட்டின் எஞ்சின் 803 சிசி. டென்னின் எஞ்சின் 948 சிசி. டென்னை அழகுபடுத்தி வந்தது பென்னன்ட். இவை நான்கு கதவுகள் கொண்ட எளிய கார்கள்.

இவற்றில் 948 சிசி எஞ்சினைக் குறித்து வைத்துக்கொள்ள வேண்டும். டென்னில் வந்த இந்த எஞ்சின்தான் பென்னன்ட், ஹெரால்டு, கெஸல் என்று 1977 வரை தொடர்ந்தது.

ஹெரால்டின் அமைப்பு

டிரையம்ப் ஹெரால்டு 1959-இல் பிரிட்டனில் வெளிவந்தது. இத்தாலியின் டூரின் நகரைச் சேர்ந்த ஜியோவன்னி மிக்கலோட்டி அதன் உருவத்தை வரைந்தார். நீளம் சுமார் 3.89 மீட்டர், எடை ஏறத்தாழ 800 கிலோ.

அக்காலத்தில் புதிய கார்கள் பெரும்பாலும் தனிச் சட்டம் இல்லாமல், உடலும் சட்டமும் ஒன்றாகவே செய்யப்பட்டன. ஹெரால்டு அப்படி இல்லை. அதற்குக் கீழே தனி சேஸிஸ் இருந்தது. அதன்மேல் உடலின் பகுதிகள் போல்ட்டால் பூட்டப்பட்டன. இதற்கு ஒரு வணிகக் காரணம் உண்டு. ஸ்டாண்டர்டுக்கு உடல் தயாரித்துத் தந்துவந்த ஃபிஷர் அண்டு லட்லோ நிறுவனத்தை 1953-இல் போட்டி நிறுவனமான பி.எம்.சி. வாங்கிவிட்டது. முழு உடலையும் ஒரே இடத்தில் செய்து வாங்கும் வழி அடைபட்டதால், பல இடங்களில் துண்டுதுண்டாகச் செய்து கடைசியில் பூட்டும்படி காரை வடிவமைத்தார்கள்.

கட்டாயத்தால் பிறந்த இந்த அமைப்பு இந்தியாவுக்குப் பொருத்தமாக அமைந்தது. ஒற்றை உடல் காருக்குப் பெரிய அச்சு எந்திரங்களும் அதிக எண்ணிக்கையில் உற்பத்தியும் தேவை. துண்டுகளாகப் பூட்டும் காரைச் சிறிய தொழிற்சாலையிலும் செய்யலாம். ஒரு பகுதியை மட்டும் மாற்றியமைப்பதும் எளிது. பின்னாளில் நான்கு கதவு வைக்க முடிந்ததற்கு இதுவும் துணை செய்தது.

காரின் முன்பகுதி முழுவதும், பானட்டும் இரு மட்கார்டுகளும் சேர்ந்தே, முன்பக்கமாகக் கவிழ்ந்து திறக்கும். எஞ்சினையும் முன்சக்கரப் பாகங்களையும் நின்றபடியே பார்த்து வேலை செய்யலாம். திரும்பும் வட்டம் 25 அடிதான். குறுகலான தெருவிலும் ஒரே வீச்சில் திருப்பிவிடலாம் என்பது ஹெரால்டின் புகழ்பெற்ற குணம்.

இரண்டு கதவுகளின் சிக்கல்

1961-இல் இந்தியாவில் வந்த மார்க் 1, அதன்பின் வந்த மார்க் 2 ஆகிய இரண்டும் இரண்டு கதவு கார்கள். பிரிட்டனில் கணவனும் மனைவியும் முன்னால், சிறு பிள்ளைகள் பின்னால் என்று போகிற குடும்பத்துக்கு அது போதும். பிள்ளைகள் ஓடும் காரில் கதவைத் திறந்துவிடும் பயமும் இல்லை.

இங்கே நிலைமை வேறு. கார் வைத்திருந்தவர்களில் பலர் ஓட்டுநர் வைத்திருந்தார்கள். அவர்கள் உட்காருவது பின்இருக்கையில். வீட்டுப் பெரியவர்களுக்கும் பின்இருக்கைதான். முன்இருக்கையை மடக்கி, அந்த இடுக்கு வழியாகப் புடவையோடு ஏறி இறங்குவது பாட்டிமார்களுக்கு எளிதான காரியம் அல்ல. அம்பாசடரிலும் ஃபியட்டிலும் நான்கு கதவுகள் இருந்தன. ஸ்டாண்டர்டின் சொந்த டென்னிலும் நான்கு கதவுகள் இருந்தன. புதிய கார் வாங்கியவர் இரண்டு கதவுகளை இழந்தார்.

மார்க் 3

1960களின் இறுதியில் ஸ்டாண்டர்டு இந்தக் குறையைச் சரிசெய்தது. மார்க் 3 ஹெரால்டு நான்கு கதவுகளோடு வந்தது. பின்னால் டிக்கிக்குப் பதிலாக முழுக் கதவு வைத்த ஐந்து கதவு எஸ்டேட் காரும் வந்தது. இவை இரண்டும் இந்தியாவுக்கு மட்டுமே உரியவை. பிரிட்டனில் ஹெரால்டு சலூன் நிறுத்தப்படும் வரை இரண்டு கதவோடுதான் இருந்தது. 1969 வாக்கில் பாகங்கள் அனைத்தும் உள்நாட்டிலேயே கிடைக்கும் நிலையும் உருவானது.

வேறொரு மாற்றமும் நடந்திருந்தது. பிரிட்டனில் தாய் நிறுவனம் லேலாண்டின் கைக்குப் போய், 1963-இல் ஸ்டாண்டர்டு என்ற பெயரையே கார்களில் கைவிட்டது. ஊரில் மறைந்த பெயர் பெருங்களத்தூரில் மேலும் 25 ஆண்டுகள் வாழ்ந்தது.

பின்னச்சும் கெஸலும்

ஹெரால்டின் பின்சக்கரங்கள் தனித்தனியே அசைபவை. நடுவிலுள்ள டிஃபரன்ஷியல் சேஸிஸோடு நிலையாகப் பூட்டப்பட்டிருக்கும். அதிலிருந்து இருபுறமும் ஓர் அச்சுத்தண்டு. ஒவ்வொன்றின் உள்முனையிலும் ஒரு யூ-ஜாயிண்ட். குறுக்காக வைத்த ஒரே பட்டை ஸ்பிரிங் இரு சக்கரங்களையும் தாங்கும். பறவை இறக்கையை அசைப்பதுபோல் சக்கரம் மேலும் கீழும் போவதால் இதற்கு ஊசலச்சு என்று பொருள்படும் 'ஸ்விங் ஆக்ஸில்' என்று பெயர்.

காலியான காருக்கு இது சொகுசு. ஒரு சக்கரம் பள்ளத்தில் இறங்கினால் மற்றது பாதிக்கப்படாது. ஆனால் சக்கரம் ஏறி இறங்கும்போது அதன் சாய்மானமும் மாறும். பின்னால் ஆட்களும் சுமையும் ஏறினால் உடல் தாழ்ந்து, இரு சக்கரங்களின் மேற்பகுதியும் உள்பக்கமாகச் சாயும். டயரின் உள்விளிம்பு சீக்கிரம் தேயும். சுமை குறைவாக வேகமாக வளைவில் திரும்பினால் இதற்கு நேர்மாறாக, சக்கரம் காருக்கு அடியில் மடங்கப் பார்க்கும். ஐந்து பேரும் பெட்டி படுக்கையும் ஏறும் காருக்கு, அதுவும் நான்கு கதவு வைத்து உடலின் எடையும் கூடிய காருக்கு, இது பொருந்தவில்லை. வாங்கியவர்களுக்கும் பிடிக்கவில்லை, பழுதுபார்த்த மெக்கானிக்குகளுக்கும் பிடிக்கவில்லை. அம்பாசடரின் பின்னச்சு ஒரே ஹவுசிங்குக்குள் அடங்கிய முழு அச்சு. அதைக் கழற்றிப் பூட்டத் தெரியாத பட்டறை இல்லை.

1972-இல் வந்த கெஸலில் ஸ்டாண்டர்டு ஊசலச்சைக் கைவிட்டு முழு அச்சை வைத்தது. உடலின் தோற்றத்தையும் திருத்தியது. பொறியியல் நூலின்படி இது பின்னோக்கிய மாற்றம். தனித்தனியாக அசையும் சக்கரங்களிலிருந்து பழைய முறைக்குத் திரும்புவது அது. ஆனால் ஏற்றும் சுமையையும், கிடைக்கும் சாலையையும், பழுதுபார்க்கும் கையையும் வைத்துப் பார்த்தால் அதுவே முன்னேற்றம்.

எஞ்சின் ஏன் மாறவில்லை

பிரிட்டனில் 1961-இலேயே ஹெரால்டுக்கு 1147 சிசி எஞ்சினும், 1967-இல் 1296 சிசி எஞ்சினும் வந்துவிட்டன. இந்திய ஹெரால்டு 948 சிசி-யோடு நின்றது. காரின் எடை கூடக்கூட எஞ்சினின் திணறலும் கூடியது. அம்பாசடரின் 1489 சிசி-க்கும், ஃபியட்டின் 1089 சிசி-க்கும் எதிரில் இது சிறியது.

கதவை மாற்றத் தகடு வளைக்கும் அச்சுகள் போதும். எஞ்சினை மாற்ற வார்ப்பாலையும் கடைசல் எந்திர வரிசையும் வேண்டும். அவற்றை இறக்குமதி செய்ய அந்நியச் செலாவணியும் அரசின் அனுமதியும் வேண்டும். கார் ஆடம்பரப் பொருள் என்று கருதப்பட்ட காலம் அது. இரண்டும் எளிதில் கிடைக்கவில்லை. 1969-இல் கார் விலையும் அரசுக் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. மூன்று நிறுவனங்களில் மிகக் குறைவாக விற்ற நிறுவனத்தால், புதிய எஞ்சினுக்குப் போடும் முதலைத் திரும்ப எடுக்க முடியாது. 1970 வாக்கில் லேலாண்டுடனான தொடர்பும் முடிந்தது. கையிலிருக்கும் எஞ்சினை வைத்துக்கொண்டு, அதைச் சுற்றியுள்ளதை மட்டும் திருத்துவதே மிச்சமிருந்த வழி.

1977-இல் கெஸல் நின்றது. அதன்பின் நிறுவனம் ஸ்டாண்டர்டு 20 என்ற வேன் வகை வண்டிகளில் கவனம் செலுத்தியது.

ஸ்டாண்டர்டு 2000

1983 டிசம்பரில் மாருதி 800 வந்தது. 796 சிசி எஞ்சின். விலை சுமார் 50,000 ரூபாய். இந்தியக் குடும்பத்துக்குச் சிறிய கார்தான் வேண்டும் என்பது அதன் வெற்றியால் தெளிவானது. சிறிய கார் செய்து பழகிய ஸ்டாண்டர்டு அப்போது எதிர்த்திசையில் போனது.

1985-இல் அது மீண்டும் கார் சந்தைக்குக் கொண்டுவந்தது ஸ்டாண்டர்டு 2000. பிரிட்டனின் ரோவர் எஸ்டி1 காரின் உடல், 1977-இன் ஐரோப்பிய ஆண்டுக் கார் விருது பெற்ற வடிவம், நீளம் 4.7 மீட்டர். நம் சாலைகளுக்காக உயரம் கூட்டப்பட்டது. ஆனால் உள்ளே இருந்தது பழைய வேன்கார்டு எஞ்சினைத் திருத்திய 2 லிட்டர் எஞ்சின். விலை 2 லட்சம் ரூபாய்க்கு மேல். பெட்ரோலும் அதிகம் குடித்தது. புதிய உடலும் பழைய எஞ்சினும் சேர்ந்த காரை, அந்த விலை கொடுக்கக் கூடியவர்கள் விரும்பவில்லை. 1988-இல் உற்பத்தி நின்றது.

தொழிற்சாலைக்குப் பின்

மூடிய தொழிற்சாலை நெடுங்காலம் பாழடைந்து கிடந்தது. 2006-இல் சொத்துகள் ஏலத்துக்கு வந்தபோது, பயன்படுத்தாமல் கிடந்த ரோவர் எஸ்டி1 பாகங்கள் முழுவதையும் இங்கிலாந்தின் ரிம்மர் பிரதர்ஸ் வாங்கியது. எஞ்சின் இல்லாத ஸ்டாண்டர்டு 2000 உடல் ஒன்றும் ஏலம் போனது. பெருங்களத்தூரில் கிடந்த பாகங்கள், பழைய கார் பிரியர்களுக்காக அங்கேயே திரும்பிப் போயின. இன்று அந்த நிலத்தில் தகவல் தொழில்நுட்ப வளாகமும் அடுக்குமாடிக் குடியிருப்புகளும் நிற்கின்றன.

கார் தயாரிப்பு ஜி.எஸ்.டி. சாலையை விட்டுப் போகவில்லை. வண்டலூருக்குத் தெற்கே மறைமலைநகரில் ஃபோர்டு 1999-இல் ஐகானையும், 2010-இல் ஃபிகோ என்ற சிறிய காரையும் கொண்டுவந்தது. 2021-இல் இந்தியத் தயாரிப்பை நிறுத்துவதாக அறிவித்து, 2022-இல் அங்கிருந்து கடைசிக் காரை வெளியே அனுப்பியது.

2006 முதல் இந்திய அரசு 4 மீட்டருக்குள் நீளமும், பெட்ரோலானால் 1200 சிசி-க்குள் எஞ்சினும் உள்ள காரைச் சிறிய கார் என்று வகுத்து வரிச்சலுகை தருகிறது. 3.89 மீட்டரும் 948 சிசி-யும் கொண்ட பழைய ஹெரால்டு இந்த அளவுக்குள் அடங்கியிருக்கும். இன்றைய சிறிய கார்களில் பெரும்பாலானவற்றில் பக்கவாட்டில் நான்கு கதவுகளும் பின்னால் ஒரு கதவும் உண்டு. மார்க் 3 எஸ்டேட்டில் ஸ்டாண்டர்டு செய்துபார்த்ததும் அதுதான்.

தலைமுறைகள் சுருக்கமாக

- எயிட், டென், பென்னன்ட் (1950களின் நடு முதல்): நான்கு கதவு, 803 சிசி, பின் 948 சிசி
- ஹெரால்டு மார்க் 1 (1961), மார்க் 2: இரண்டு கதவு; 948 சிசி; ஊசலச்சு
- ஹெரால்டு மார்க் 3 (1960களின் இறுதி): நான்கு கதவு, ஐந்து கதவு எஸ்டேட்; 948 சிசி; ஊசலச்சு
- கெஸல் (1972–1977): நான்கு கதவு, 948 சிசி, முழு அச்சு
- ஸ்டாண்டர்டு 2000 (1985–1988): பெரிய கார், 2 லிட்டர், ஹெரால்டு வரிசையைச் சேராதது