அடைமழை இரவில் எப்போது வெளியேறுவது?

தெமோதரை ரயில் நிலையத்துக்கு நேர் கீழே சுரங்கம். மலையைச் சுற்றி இறங்கும் தண்டவாளம் அதற்குள்ளால் போகிறது. அதைப் படமெடுக்க வருபவர்கள் பலர். சுற்றியுள்ள சரிவுகளில் இருக்கும் லயன்களைக் கவனிப்பவர் சிலரே.

ஷெல் விழுந்தபோது மண்ணுக்குள் பதுங்கித் தப்பியவர்கள் நாங்கள். இங்கே மண்ணே வீட்டுக்கு மேல் வருகிறது. நீர் ஊறி மண்துகள்களின் பிடி தளர்ந்தால் சரிவு நகரும்.

அதை முன்கூட்டி ஊகிக்க மழைமானி உதவும். தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் அளவுகள் இவை: 24 மணித்தியாலத்தில் 75 மில்லிமீற்றரைத் தாண்டி மழை தொடர்ந்தால் மஞ்சள், விழிப்பாக இருங்கள். 100 என்றால் செம்மஞ்சள், புறப்படத் தயாராகுங்கள். 150, அல்லது ஒரே மணித்தியாலத்தில் 75 என்றால் சிவப்பு, உடனே வெளியேறுங்கள்.

மானி இல்லையா? அடி தட்டையான, பக்கம் நேரான டின் ஒன்றைக் கூரைத் தண்ணீர் விழாத வெளியில் வைத்து, அடிமட்டத்தால் ஆழத்தைப் பாருங்கள். 15 சென்ரிமீற்றர் என்றால் சிவப்பு. நிலம் வெடித்தாலோ, மரம் சாய்ந்தாலோ, ஊற்று திடீரெனக் கலங்கினாலோ டின்னைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டாம்.

கொஸ்லந்தை மீரியபெத்தையில் 2005இலும் 2011இலும் எச்சரித்திருந்தார்கள். ஆனால் லயன் தோட்டத்துக்குச் சொந்தம். போய்க் குடியேற மக்களுக்குக் காணி இல்லை. 2014 ஒக்டோபர் 29 காலை மலை சரிந்தது.

சிவப்பு நள்ளிரவிலும் வரலாம். எந்தப் பாடசாலைக்கு, எந்தப் பாதையால் போவது என்று கிராம உத்தியோகத்தரிடம் பகலிலேயே கேட்டுவையுங்கள். அனர்த்த முகாமைத்துவ நிலையத்தின் இலக்கம் 117.