பின்னணிக்காரர்கள் – 14: முப்பது விநாடி வித்தை

கொடைக்கானல் பாம்பாறு அருவிக்கு 'லிரில் அருவி' என்றும் ஒரு பெயர் உண்டு. எழுபதுகளில் வந்த சோப்பு விளம்பரம் தந்த பெயர் அது. அதில் வார்த்தையே இல்லாமல் வரும் 'லா லலலா'வுக்கு மெட்டுப் போட்டவர் வன்ராஜ் பாட்டியா. லண்டன் ராயல் அகாடமியில் படித்துவிட்டு, பாரிஸில் நாடியா பூலான்ஜேயிடம் பாடம் கேட்டவர். ஆரன் கோப்லாண்டும் பிலிப் கிளாஸும் அதே அம்மையாரின் மாணவர்கள்தான்.

1959-ல் பம்பாய் திரும்பியவரிடம் சிம்பொனி கேட்க அங்கே ஆளில்லை. சேலை, சோப்பு, பெயின்ட் என்று ஆயிரக்கணக்கில் ஜிங்கிள் போட்டார். வயிற்றுப்பாட்டுக்கான சமரசம் என்று இதை ஒதுக்கிவிட எனக்கு மனம் வரவில்லை. முப்பது விநாடியில் பீடிகைக்கு இடமேது? எடுத்த எடுப்பிலேயே காதைப் பிடித்தாக வேண்டும். அந்தப் பயிற்சிதான் பின்னால் அவருக்குக் கைகொடுத்தது.

விளம்பர உலகிலிருந்து வந்த இன்னொருவரான ஷியாம் பெனகல், 'அங்கூர்' (1974) படத்துக்கு அவரை அழைத்தார். இசையே வேண்டாம் என்று தோன்றும் இடத்தில் சும்மா இருக்கத் தெரிந்த இசையமைப்பாளர் அதில் தெரிகிறார். நம் ஊர் ரீரெக்கார்டிங்கில் அபூர்வமான குணம் இது! குஜராத்தின் ஐந்து லட்சம் பால் உற்பத்தியாளர்கள் தலைக்கு 2 ரூபாய் போட்டு எடுத்த 'மந்தன்' (1976) படத்துக்கு அவர் போட்ட கிராமத்துப் பாட்டு, பிற்பாடு அமுல் விளம்பரத்துக்கே போய்ச் சேர்ந்தது.

தொலைக்காட்சியில்தான் அவருடைய முழு பலமும் வெளிப்பட்டது. டைட்டில் இசையின் வேலை, அடுப்படியில் இருப்பவரைக் கூடத்துக்கு இழுத்து வருவது. கோவிந்த் நிஹலானியின் 'தமஸ்' தொடங்கும்போது கடவுளை விளித்து எழும் ஓலம், பிரிவினையின் கொடுமையைக் கதைக்கு முன்பே சொல்லிவிடும். அதற்குத் தேசிய விருது கிடைத்தது. 1988-ல் தூர்தர்ஷனில் வந்த பெனகலின் 'பாரத் ஏக் கோஜ்' 53 பகுதிகள். ரிக் வேதத்தின் படைப்புப் பாடல்தான் டைட்டில். வேத கோஷத்தைப் பாட்டியா மேற்கத்திய கோரஸின் கனத்தோடு நிறுத்தினார். இந்தி தெரியாதவர்களுக்கும் அது மறக்கவில்லை. ஒரு வாரம் வேதகாலம், பிறகு சிலப்பதிகாரம், சோழர், மொகலாயர் என்று யுகம் மாறிக்கொண்டே போகும். ஒரு படத்துக்கு ஒரே உலகத்தைக் கட்டிக்கொண்டு உட்காரும் சினிமா இசையமைப்பாளருக்கு இப்படியொரு சோதனை வாய்ப்பதில்லை.

2012-ல் பத்மஸ்ரீ. கிரீஷ் கார்னாட் நாடகத்தை ஒட்டி 'அக்னி வர்ஷா' என்ற ஆபராவும் எழுதினார். கடைசிக் காலத்தில் பணமில்லாமல் வீட்டுப் பாத்திரங்களை விற்றார் என்று செய்தி வந்தது. 2021 மே மாதம் 93 வயதில் காலமானார். நாடே முணுமுணுத்த மெட்டுகளைப் போட்டவருக்கு ஏன் இந்த நிலை? அன்றைய வழக்கப்படி ஜிங்கிளுக்கு ஒரு தடவைதான் கூலி, அது எத்தனை ஆண்டு ஒலித்தாலும். இசையமைப்பாளரின் ராயல்டி உரிமையை எழுதி வாங்கிக்கொள்ள முடியாதபடி காப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டதும் அதே 2012-ல்தான். அந்தத் திருத்தத்துக்காக நடந்த சண்டை அடுத்த வாரம்.

(தொடரும்)