பழைய போனில் இடமில்லையா? கேமை அழிக்கும் முன் இந்த இரண்டு கேள்விகள்!

புது போன் வந்ததும் பழைய போனைத் தூக்கிப் போடும் பழக்கம் நம் வீடுகளில் இல்லை. தாத்தாவுக்குப் பாட்டுக் கேட்க, பாட்டிக்கு வீடியோ காலுக்கு, பிள்ளைகளுக்கு கேம் ஆட என்று அது கை மாறிக்கொண்டே இருக்கும். அப்படிக் கை மாறிய போனில் ஒருநாள் 'ஸ்டோரேஜ் ஃபுல்' என்ற எச்சரிக்கை வந்து நிற்கும். வாட்ஸ்அப்பில் வந்த கல்யாணப் பத்திரிகை டவுன்லோடு ஆகாது. வங்கி ஆப் அப்டேட் ஆகாது.

உடனே வீட்டில் யாராவது போனை வாங்கி, கண்ணில் பட்ட கேமையெல்லாம் அன்இன்ஸ்டால் செய்துவிடுவார்கள். இரண்டே நிமிடத்தில் இடம் கிடைத்துவிடும். சாயங்காலம் பள்ளி விட்டு வரும் பிள்ளை, 'நான் கட்டி வெச்சிருந்த ஊர் எங்கே?' என்று அழும்போதுதான் போனது வெறும் கேம் மட்டுமல்ல என்பது தெரியவரும்.

கேமை அழிப்பதில் தவறில்லை. பழைய போனுக்கு அது தேவையும்கூட. ஆனால், எதை அழிக்கிறோம் என்று தெரிந்து அழிக்க வேண்டும்.

பாடப்புத்தகமும் நோட்டுப் புத்தகமும்

ஒரு கேமுக்குள் இரண்டு சரக்கு இருக்கிறது. ஒன்று, கேமின் ஃபைல்கள். படங்கள், ஒலி, புரோகிராம் எல்லாம் இதில் அடக்கம். இடத்தை அடைப்பது பெரும்பாலும் இதுதான். இன்னொன்று, ஆடுபவர் சேர்த்து வைத்த முன்னேற்றம். எந்த லெவல் வரை வந்தார், எத்தனை காயின் வைத்திருக்கிறார், என்ன கட்டினார் என்ற கணக்கு. இதற்குப் பெயர் 'சேவ்'. பல கேம்களில் இதன் அளவு மிகவும் சிறியது.

முதலாவது பாடப்புத்தகம் மாதிரி. தொலைந்தால் கடையில் இன்னொன்று வாங்கிக்கொள்ளலாம். இரண்டாவது, வருடம் முழுக்கக் கைப்பட எழுதிய நோட்டுப் புத்தகம். அது எந்தக் கடையிலும் கிடைக்காது. 'அன்இன்ஸ்டால்' பட்டனை அழுத்தினால் பெரும்பாலும் இரண்டும் சேர்ந்தே போய்விடும்.

இந்தச் சிக்கல் அந்தக் காலத்தில் இல்லை. 1997-ல் நோக்கியா 6110 போனில் வந்த பாம்பு விளையாட்டை அழிக்கவே முடியாது. அது போனோடு பிறந்தது. 1989-ல் ஜப்பானின் நின்டெண்டோ கொண்டு வந்த கேம் பாய் கருவியில் ஒவ்வொரு கேமும் தனித்தனி கார்ட்ரிட்ஜில் இருந்தது. பல கார்ட்ரிட்ஜ்களில் சேவ் செய்ததைக் காப்பாற்ற உள்ளே ஒரு சின்ன பேட்டரியும் இருக்கும். அந்த பேட்டரி தீர்ந்தால்தான் சேவ் போகும். கேம்களைக் கடையில் வாங்காமல் டவுன்லோடு செய்ய ஆரம்பித்த பிறகுதான், புதிதாக ஒன்று வேண்டுமென்றால் பழைய ஒன்றை அழிக்க வேண்டும் என்ற நிலை வந்தது.

அந்த கேம்களும் வளர்ந்துகொண்டே போயின. ஆண்ட்ராய்டு கேம் ஒன்று தன் அடிப்படை ஃபைலுக்கு மேல் தலா 2 ஜிபி வரை இரண்டு கூடுதல் ஃபைல்களை வைத்துக்கொள்ள, 2012-லேயே கூகுள் அனுமதித்தது. மொத்தமே 16 ஜிபி உள்ள போனில், ஆண்ட்ராய்டும் கம்பெனி முன்பே போட்டுத் தந்த ஆப்களும் எடுத்துக்கொண்டது போக மிஞ்சும் இடத்தில், அப்படிப்பட்ட கேம்கள் இரண்டு மூன்று வந்து உட்கார்ந்தால் வேறெதற்கும் இடமிருக்காது.

முதல் கேள்வி: சேவ் எங்கே இருக்கிறது?

சேவ் இருக்கும் இடத்தைப் பொறுத்து கேம்களை மூன்றாகப் பிரிக்கலாம்.

* கம்பெனி சர்வரில் இருப்பவை: கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் மாதிரி, இன்டர்நெட் இல்லாமல் ஆடவே முடியாத கேம்கள். இவற்றில் கணக்கு சர்வரில் பத்திரமாக இருக்கும். ஆனால், ஒரு நிபந்தனை உண்டு. சூப்பர்செல் ஐடி, கூகுள், ஃபேஸ்புக் என்று ஏதாவது ஒரு கணக்கோடு அந்த கேம் இணைக்கப்பட்டிருக்க வேண்டும். 'கெஸ்ட்' என்று உள்ளே போய் ஆடிக்கொண்டிருந்தால், அழித்த பிறகு அந்த ஊர் யாருடையது என்று சர்வருக்கே தெரியாமல் போகலாம்.

* கிளவுடில் நகல் வைப்பவை: கூகுள் பிளே கேம்ஸ், ஆப்பிளின் ஐகிளவுட் வழியாகச் சில கேம்கள் தாமாகவே நகல் எடுத்துக்கொள்ளும். இதைச் செய்வதா வேண்டாமா என்பது கேமை உருவாக்கியவரின் முடிவு. போனில் கூகுள் கணக்கு இருக்கிறது என்பதால் எல்லா கேமும் பத்திரம் என்று நினைக்கக் கூடாது. ஆண்ட்ராய்டு 6 முதல் உள்ள தானியங்கி பேக்கப்பும், ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான் எடுத்துக்கொள்ளும். அதையும் வேண்டாம் என்று நிறுத்தி வைக்க ஆப் தயாரிப்பாளரால் முடியும்.

* போனில் மட்டுமே இருப்பவை: லாகின் எதுவும் கேட்காமல், நெட்டை அணைத்தாலும் முழுதாக ஓடும் கேம்கள் பெரும்பாலும் இந்த வகை. அழித்தால் சேவும் அதோடு போய்விடும்.

மூன்றாவது வகையில் பெற்றோர் பலரும் ஏமாறுவது மைன்கிராஃப்டில். அதில் மைக்ரோசாஃப்ட் கணக்கு கேட்பதால், பிள்ளை கட்டிய வீடும் ஊரும் அந்தக் கணக்கில் இருப்பதாகத் தோன்றும். ஆனால், போனில் உருவாக்கிய மைன்கிராஃப்ட் உலகங்கள் பொதுவாக அந்த போனில்தான் இருக்கும். மாதக் கட்டணம் கட்டும் 'ரெல்ம்ஸ்' வசதியில் வைத்த உலகங்கள் மட்டும் விதிவிலக்கு. கேமை அழித்து மறுபடி போட்டால் காசு கொடுத்து வாங்கிய கேம் திரும்பி வரும். கட்டிய ஊர் வராது.

இதற்கு ஒரு வழி இருக்கிறது. உலகத்தின் பெயருக்குப் பக்கத்தில் உள்ள பென்சில் படத்தைத் தொட்டு, கீழே போனால் 'எக்ஸ்போர்ட் வேர்ல்டு' என்று இருக்கும். அதை அழுத்தினால் அந்த உலகம் ஒரே ஃபைலாகக் கிடைக்கும். அதைக் கூகுள் டிரைவிலோ கம்ப்யூட்டரிலோ போட்டு வைத்துவிட்டு, பிறகு தாராளமாக கேமை அழிக்கலாம்.

இரண்டாவது கேள்வி: அழித்தால் திரும்பக் கிடைக்குமா?

'வேண்டும்போது மறுபடி போட்டுக்கொள்ளலாம்' என்பது புது போனுக்குச் சரி. பழைய போனுக்கு அது எப்போதும் நடக்காது. காரணங்கள் பல.

சில கேம்கள் கடையை விட்டே போய்விடும். வியட்நாமைச் சேர்ந்த டோங் நுயென் உருவாக்கிய ஃப்ளாப்பி பேர்ட், உலகமே அதை ஆடிக்கொண்டிருந்த நேரத்தில், 2014 பிப்ரவரியில் அவராலேயே ஸ்டோர்களில் இருந்து நீக்கப்பட்டது. அந்த கேம் உள்ள போன்களுக்கு ஆயிரக்கணக்கான டாலர் விலை சொல்லி, ஏலத் தளங்களில் விற்பனைக்குப் போட்டவர்கள் உண்டு. குழந்தைகள் முதல் பெரியவர்கள் வரை ஆடிய ஆங்ரி பேர்ட்ஸுக்கும் இதே கதைதான். ஃபின்லாந்தின் ரோவியோ நிறுவனம் 2009-ல் வெளியிட்ட முதல் ஆங்ரி பேர்ட்ஸ், பத்தாண்டுகளில் கடையிலிருந்து எடுக்கப்பட்டது. 2022-ல் அதைப் புதுப்பித்துக் கொண்டு வந்தார்கள். 2023 பிப்ரவரியில் அந்தப் பதிப்பும் கூகுள் பிளேயில் இருந்து போனது.

சில சமயம் அரசின் தடையும் காரணமாகும். இந்தியாவில் 2020 செப்டம்பரில் பப்ஜி மொபைலும், 2022 பிப்ரவரியில் கரீனா ஃப்ரீ ஃபயரும் தடை செய்யப்பட்டு ஸ்டோர்களில் இருந்து மறைந்தன.

கேம் கடையில் இருந்தாலும், பழைய போன் அதை ஏற்காமல் போகலாம். நான்கு வருடத்துக்கு முன் போட்ட பதிப்பு இன்றும் அந்த போனில் ஓடிக்கொண்டிருக்கும். அழித்துவிட்டுத் தேடினால், புதுப் பதிப்புக்குப் புது ஆண்ட்ராய்டு வேண்டும் என்பதால் 'உங்கள் சாதனத்துக்கு இது பொருந்தாது' என்று பிளே ஸ்டோர் கைவிரிக்கும். ஐபோன், ஐபேடில் ஏற்கெனவே வாங்கிய ஆப் என்றால், பழைய கருவிக்குப் பொருந்தும் கடைசிப் பதிப்பைத் தரட்டுமா என்று ஆப் ஸ்டோர் சில நேரம் கேட்கும். எல்லா ஆப்புக்கும் அது கிடைக்காது.

ஆகவே பழைய போனில் உள்ள பழைய கேமை அழிக்கும் முன், பிளே ஸ்டோரிலோ ஆப் ஸ்டோரிலோ அதன் பக்கம் இன்னும் இருக்கிறதா என்று ஒருமுறை தேடிப் பார்ப்பது நல்லது. தேடலில் வரவில்லை என்றால், அது திரும்பி வராது என்று வைத்துக்கொண்டே முடிவெடுக்க வேண்டும்.

அழிப்பதற்கு முன் நான்கு படிகள்

1. யார் இடத்தை அடைக்கிறார்கள் என்று பாருங்கள். பிளே ஸ்டோரில் மேலே உள்ள புரொஃபைல் படத்தைத் தொட்டு, 'மேனேஜ் ஆப்ஸ் அண்ட் டிவைஸ்', பிறகு 'மேனேஜ்' என்று போனால் ஆப்களின் பட்டியல் வரும். அதை அளவு வாரியாகவும், குறைவாகப் பயன்படுத்தியவை வாரியாகவும் வரிசைப்படுத்தலாம். 50 எம்பி கேம்கள் ஐந்தை அழிப்பதைவிட, யாரும் தொடாத 2 ஜிபி கேம் ஒன்றை அழிப்பது மேல். பல வீடுகளில் உண்மையான குற்றவாளி, வாட்ஸ்அப் குரூப்களில் தினமும் வந்து குவியும் 'குட்மார்னிங்' வீடியோக்களாகவும் இருக்கும்.

2. கேஷை மட்டும் அழியுங்கள். செட்டிங்ஸில் அந்த கேமின் 'ஸ்டோரேஜ்' பகுதிக்குப் போனால் இரண்டு பட்டன்கள் இருக்கும். 'கிளியர் கேஷ்' என்பது தற்காலிகக் குப்பையை மட்டும் கூட்டும். 'கிளியர் டேட்டா' அல்லது 'கிளியர் ஸ்டோரேஜ்' என்பது சேவையும் சேர்த்துத் துடைத்துவிடும். பக்கத்துப் பக்கத்தில் இருப்பதால் விரல் தவறினால் நோட்டுப் புத்தகம் போயிற்று.

3. ஆர்கைவ், ஆஃப்லோடு வசதியைப் பயன்படுத்துங்கள். ஐபோன், ஐபேடில் 2017-ல் வந்த ஐஓஎஸ் 11 முதல் 'ஆஃப்லோடு ஆப்' வசதி இருக்கிறது. செட்டிங்ஸ், ஜெனரல், ஐபோன் ஸ்டோரேஜ் என்று போனால் கிடைக்கும். பெரிய ஃபைல் போகும். சேவ் கருவியிலேயே தங்கும். ஆண்ட்ராய்டில் பிளே ஸ்டோரின் தானியங்கி ஆர்கைவ் வசதி 2023-ல் வந்தது. இடம் போதாதபோது, பயன்படுத்தாத ஆப்பின் பெரும்பகுதியை அது நீக்கிவிட்டு, ஐகானையும் சேவையும் வைத்துக்கொள்ளும். எல்லா ஆப்பிலும் இது நடக்காது. கடையில் இல்லாத கேமை இப்படி எடுத்துவிட்டால், சேவ் இருந்தும் திறக்கக் கேம் இருக்காது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

4. கட்டணத்தை நிறுத்துங்கள். கேமை அழித்தால் அதற்கு மாதாமாதம் போகும் சப்ஸ்கிரிப்ஷன் நிற்காது. பிளே ஸ்டோரில் 'பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்' பகுதியிலும், ஐபோனில் செட்டிங்ஸில் ஆப்பிள் கணக்கிலும் போய்த் தனியாக நிறுத்த வேண்டும். குழந்தை தெரியாமல் தொட்டு ஆரம்பித்த சந்தாக்கள் இங்கேதான் வெளிச்சத்துக்கு வரும்.

கேம் கருவி வைத்திருப்பவர்களுக்கு...

வெளிநாட்டு உறவினர் பரிசாகக் கொடுத்த நின்டெண்டோ 3டிஎஸ், சோனி பிஎஸ் வீட்டா போன்ற கருவிகள் சில வீடுகளில் இன்னும் ஓடுகின்றன. இரண்டும் 2011-ல் ஜப்பானில் அறிமுகமானவை. அழிக்கும் விதத்தில் மட்டும் நேர் எதிர்.

3டிஎஸ் கருவியில், டவுன்லோடு செய்த கேமை 'டேட்டா மேனேஜ்மென்ட்' பகுதியில் அழிக்கப் போனால், சேவையும் சேர்த்து அழிக்கவா, சேவுக்கு பேக்கப் எடுத்துவிட்டு அழிக்கவா என்று அதுவே கேட்கும். இரண்டாவதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அங்கே அளவு 'பிளாக்' கணக்கில் தெரியும். 8 பிளாக் என்பது 1 எம்பி. 3டிஎஸ்ஸின் ஆன்லைன் கடையில் 2023 மார்ச்சுக்குப் பிறகு புதிதாக எதையும் வாங்க முடியாது. ஏற்கெனவே வாங்கியவற்றைத் திரும்ப டவுன்லோடு செய்ய நின்டெண்டோ அனுமதிக்கிறது. அது என்றென்றைக்கும் இருக்கும் என்று நம்பி அழிப்பதைவிட, முதலில் வந்த 2 ஜிபி கார்டை மாற்றி 32 ஜிபி எஸ்டி கார்டு போடுவது புத்திசாலித்தனம்.

வீட்டாவில் கேமை அழித்தால் அதன் சேவும் கூடவே போய்விடும். முதலில் கம்ப்யூட்டரில் பேக்கப் எடுத்துக்கொள்வது அவசியம்.

உரியவரிடம் ஒரு வார்த்தை

எந்த கேம் முக்கியம் என்பது போனைப் பார்த்தால் தெரியாது. அதை ஆடுபவருக்குத்தான் தெரியும். பெரியவர்களுக்கு 'வெறும் விளையாட்டு' என்று தெரிவது, பத்து வயதுப் பிள்ளைக்கு மூன்று வருட உழைப்பு. பாட்டியின் கேண்டி க்ரஷ் லெவலும் அப்படித்தான். போனவர்களின் போனிலும் இது உண்டு. அப்பா தினமும் ஆடிய சுடோகுவின் கடைசி ஸ்கோர், அந்த போனில் மட்டுமே இருக்கலாம்.

அதனால் போனைக் கையில் எடுக்கும் முன், 'இதுல எது வேணும், எது வேண்டாம்?' என்று உரியவரிடம் கேட்டுவிடுவது நல்லது. பிள்ளைகளிடம் கேட்டால், அவர்களே பாதி கேம்களை 'இதெல்லாம் போர்' என்று அழித்துத் தந்துவிடுவார்கள். கட்டாயம் போக வேண்டிய கேம் ஏதாவது இருந்தால், அதன் கடைசி லெவலையோ கட்டிய ஊரையோ ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளலாம். அதற்கு அரை எம்பி, ஒரு எம்பி இடம் போதும்.