காலிக் கோட்டையில் ஒரு தனி வழிநடை: வழிகாட்டி சொல்வதும் சொல்லாததும்

காலிக் கோட்டையின் பழைய வாசலை வெளியே நின்று பார்த்தால் பிரித்தானிய முடியின் இலச்சினை தெரியும். அதே வாசலுக்குள் புகுந்து திரும்பிப் பார்த்தால் இரண்டு சிங்கங்கள், மேலே ஒரு சேவல், நடுவில் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் எழுத்துகள், கீழே 1669 என்ற ஆண்டு. ஒரே சுவர், இரண்டு முகம். இதைக் காட்டித்தான் அநேகமான வழிகாட்டிகள் நடையைத் தொடங்குகிறார்கள். நான் இந்த வாசலில் இரண்டு தடவை, இரண்டு வழிகாட்டிகளோடு நின்றிருக்கிறேன். இரண்டு தடவையும் அம்மா கூட வந்தார்.

முதல் தடவை தங்கியிருந்த விடுதியில் ஒழுங்குசெய்து கொடுத்த ஆங்கில வழிகாட்டி. நல்ல மனிதர், ஆண்டுகளை மனனமாகச் சொன்னார். ஆனால் ஒன்றரை மணித்தியாலத்தில் இரண்டு இரத்தினக்கல் கடைக்குள்ளும் ஒரு சரிகைக் கடைக்குள்ளும் போய்வந்தோம். அம்மாவுக்கு ஆங்கிலம் பிடிபடாது. குடையைப் பிடித்துக்கொண்டு எங்கள் பின்னால் நடந்தார். நான் இடையிடையே மொழிபெயர்த்தேன். முடிவில், "நீங்கள் கதைச்சது காணும், கடற்கரைப் பக்கம் ஒருக்கா போவம்" என்றார். ஊருக்குத் திரும்பிய பிறகும் அது மனதில் உறுத்திக்கொண்டே இருந்தது. யாழ்ப்பாணக் கோட்டையின் கதையை எனக்குச் சொல்லித் தந்தவரே அவர்தான்.

அடுத்த தடவை போகமுன், தமிழில் பேசக்கூடிய வழிகாட்டி ஒருவர் வேண்டும் என்று தேடினேன். எளிதாகக் கிடைக்கவில்லை. ஆங்கிலத்தோடு ஐரோப்பிய மொழியொன்று பேசுபவர்களும் சீன மொழி பேசுபவர்களும் கிடைத்தார்கள். கடைசியில் கோட்டைக்குள்ளேயே பிறந்து வளர்ந்த முஸ்லிம் ஒருவரின் தொடர்பு கிடைத்தது. ஐம்பது வயதைக் கடந்தவர். தொழிலுக்கு ஆங்கிலம், வீட்டில் தமிழ். "தமிழ்ல இந்த நடையச் செய்யக் கேட்டு யாரும் வாறல்ல தங்கச்சி" என்றார். அவருக்கே அது புதுமையாக இருந்தது.

இந்த இடத்தில், போகவிருப்பவர்களுக்குச் சில விடயங்களைச் சொல்லிவிடுகிறேன். கோட்டைக்குள் நடக்க அனுமதிச்சீட்டு தேவையில்லை, நூதனசாலைகளுக்குத்தான் கட்டணம். இலங்கை சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை வழிகாட்டிகளுக்கு அனுமதிப்பத்திரம் வழங்குகிறது. நாடு முழுவதற்கும் உரிய தேசிய வழிகாட்டிகள், வாகனம் ஓட்டிக்கொண்டே வழிகாட்டுபவர்கள், ஒரு பிரதேசத்துக்கு உரியவர்கள், ஓர் இடத்துக்கு மட்டும் உரியவர்கள் என்று பல வகையினர் இருக்கிறார்கள். அட்டையைக் காட்டச் சொல்லிக் கேட்பதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. எவ்வளவு பணம், எவ்வளவு நேரம், கடைகளுக்குள் போவதா இல்லையா என்பதை நடக்கத் தொடங்குமுன் பேசிவிட வேண்டும். கடைக்குள் கூட்டிப்போனால் வழிகாட்டிக்குக் கடைக்காரர் தரகு கொடுப்பார். கட்டணம் வழக்கத்துக்கு மாறாகக் குறைவாக இருந்தால் மீதி அங்கிருந்துதான் வருகிறது. காலை ஏழு மணிக்குத் தொடங்குவது நல்லது. மதிலின் மேல் நிழல் கிடையாது. பத்து மணிக்குப் பிறகு கருங்கல்லும் முருகைக்கல்லும் சேர்ந்து சுடும்.

தனி வழிநடையின் பயன், கேள்வி கேட்கிறவர் போக்கில் நடை திரும்பும் என்பதுதான். குழுவோடு போனால் வழிகாட்டி ஓர் ஒப்புவிப்பை வைத்திருப்பார். அம்மா கேட்ட முதல் கேள்வியே எங்கள் நடையின் வழியை மாற்றியது.

நானா வழக்கம்போல் 1640 இலிருந்து தொடங்கியிருந்தார். போர்த்துக்கேயரிடமிருந்து காலியைப் பிடித்த ஒல்லாந்தத் தளபதி வில்லெம் யாக்கொப்ஸ் கொஸ்டர். அவர் பிறந்த ஊரின் பெயர்தான் அக்கர்ஸ்லூட் கொத்தளத்துக்கு. கண்டி அரசன் இரண்டாம் இராஜசிங்கனோடு கூட்டுச்சேர்ந்து வந்தவர்கள் பிடித்த காலியைத் திருப்பிக் கொடுக்கவில்லை. இஞ்சியைக் கொடுத்து மிளகாய் வாங்கிய கதை என்று சிங்களத்தில் சொல்வார்கள் என்றார். கொஸ்டரும் அதே ஆண்டில் கண்டியிலிருந்து திரும்பும் வழியில் கொல்லப்பட்டார். பதினான்கு கொத்தளங்கள், நகரத்தைப் பார்த்த தரைப்பக்கத்தில் நட்சத்திரம், சந்திரன், சூரியன் என்ற மூன்று. இவ்வளவையும் கேட்டுக்கொண்டிருந்த அம்மா கேட்டார்:

"தம்பி, மூண்டு பக்கமும் கடல். இவ்வளவு சனமும் குடிக்கத் தண்ணிக்கு எங்க போனது? கிணறு இருக்கோ?"

யாழ்ப்பாணத்துக்காரர் வேறு எதைக் கேட்பார்கள்! நானா ஒரு கணம் நின்றார். பிறகு சிரித்தபடி, வழக்கமான பாதையை விட்டு விலகி, லெயின் பான் வீதியில் தன் உறவினர் வீடொன்றுக்குக் கூட்டிப்போனார். தூண் வைத்த முன்விறாந்தை, ஒடுங்கிய நடை, அதைத் தாண்டினால் வானம் தெரியும் நடுமுற்றம். மூலையில் கிணறு. "குளிக்கலாம், குடிக்கேலா" என்றார் அந்த வீட்டு உம்மா. அம்மா வாளியைப் போட்டு, அள்ளி, நுனிநாக்கில் வைத்துப் பார்த்து, "எங்கட தீவுப் பக்கத்துத் தண்ணி மாதிரித்தான்" என்றார்.

லெயின் பான் என்பதே ஒல்லாந்தச் சொல். கயிறு திரிக்கும் நீண்ட வெளி என்று பொருள். கப்பலுக்கு வேண்டிய வடங்கள் அங்கே முறுக்கப்பட்டன. பெட்லர் வீதி என்று இன்று கடைப் பலகைகளில் எழுதியிருக்கும் தெருவை ஒல்லாந்தர் அழைத்த பெயரில் 'மூர்' என்ற சொல்லும் இருந்தது: மூர் வியாபாரிகளின் தெரு. தமிழ் பேசிய முஸ்லிம் வியாபாரிகள் இந்தத் தெருக்களில் நேற்று வந்து குடியேறியவர்கள் அல்லர் என்பதற்கு வேறு சான்று தேவையில்லை. மொறொக்கோப் பயணி இபுன் பதூதா 1344 இல் தெற்குக் கரையோரமாக வந்தபோது இந்த ஊரைக் 'காலி' என்றே குறித்திருக்கிறார். கோட்டை எழுவதற்கு இருநூறு ஆண்டுகளுக்கு மேல் முந்திய கதை அது. சேவலைக் குறிக்கும் போர்த்துக்கேயச் சொல்லிலிருந்து காலி என்ற பெயர் வந்ததென்று இன்றும் சொல்லப்படுவதைக் கேட்டால், இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒல்லாந்தர் கட்டிய நிலக்கீழ் வடிகால்களைப் பற்றி எல்லா வழிகாட்டிகளும் பெருமையாகச் சொல்வார்கள். தெருக்களுக்கு அடியில் செங்கல்லால் கட்டிய கால்வாய்கள். கடல் ஏறி இறங்கும்போது அந்த நீரே கழிவை அடித்துச் செல்லும். உண்மையிலேயே வியக்கத்தக்க வேலைதான். ஆனால் அதை யார் தோண்டினார்கள்? முதல் வழிகாட்டியிடம் இதை நான் கேட்கவில்லை. இரண்டாவது தடவை அம்மா கேட்டார். "அடிமைகள் இருந்தாங்க, அம்மா" என்றார் நானா, குரலைக் கொஞ்சம் தாழ்த்தி. கம்பனியின் ஆட்சியில் இருந்த ஊர்களில் அடிமைகள் இருந்தார்கள். தென்னிந்தியக் கரையிலிருந்தும் தென்கிழக்காசியத் தீவுகளிலிருந்தும் கொண்டுவரப்பட்டவர்கள். ஊரவர்களின் இராஜகாரிய உழைப்பும் அதே தேவைகளுக்குத் திருப்பப்பட்டது. கறுவாப்பட்டை உரித்தவர்களின் முதுகில்தான் இந்தப் பண்டகசாலைகள் நிறைந்தன. ஒல்லாந்தக் கோவிலின் தரையில் கற்பலகைகளாகப் பதித்திருக்கும் கல்லறைகளில் கம்பனி உத்தியோகத்தர்களின் பெயர்களும் குடும்பச் சின்னங்களும் மண்டையோடுகளும் செதுக்கப்பட்டிருக்கின்றன. 1755 இல் கட்டப்பட்ட அந்தக் கோவிலுக்குள் அம்மா செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் நடந்தார். வடிகால் தோண்டியவனுக்கு எங்கே கல் இருக்கிறது என்று அங்கே ஒருவரும் கேட்பதில்லை.

கோட்டை இவ்வளவு முழுதாகத் தப்பியிருப்பதற்குக் காரணம் பராமரிப்பு மட்டுமல்ல. 1796 இல் காலி சண்டையில்லாமல் பிரித்தானியரிடம் கைமாறியது, குண்டு விழவில்லை. பிறகு 19 ஆம் நூற்றாண்டில் நீராவிக் கப்பல்கள் தரித்துச் செல்லும் துறையாக ஊர் செழித்தது. பாறைகள் நிறைந்த அந்தத் துறையை விட்டு, 1875 இல் அலைதடுப்பு வேலை தொடங்கப்பட்ட கொழும்புக்குக் கப்பல்கள் போயின. வருமானம் போனதால் பழைய வீடுகளை இடித்துப் புதிதாகக் கட்டுவதற்குக் காசும் இல்லை, காரணமும் இல்லை. 1988 இல் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்த்தபோது அது கண்டது, வறுமை காப்பாற்றி வைத்திருந்த ஒரு நகரத்தை. 2004 மார்கழி 26 இல் சுனாமி வந்தபோது மதில்கள் உள்ளே இருந்தவர்களைப் பெரிதும் காத்தன. வெளியே பேருந்து நிலையமும் கிரிக்கெட் மைதானமும் இருந்த பக்கம் அழிந்தது. "மதில்ல ஏறி நின்டு பாத்தன். பஸ்ஸு மெதக்கிது" என்று மட்டும் சொன்னார் நானா. அந்த இடத்தைக் கடக்கும்வரை பிறகு ஒன்றும் சொல்லவில்லை. நாங்களும் கேட்கவில்லை.

ஆனால் இந்தத் தடவை நான் முக்கியமாகக் கேட்க வந்தது ஒரு கல்லைப் பற்றி. முதல் நடையில் அது ஒரு வார்த்தையிலும் வரவில்லை.

1911 இல் காலி நகரத்தில் மதகொன்றை மூடியிருந்த கற்பலகையில் எழுத்துகள் இருப்பது கண்டுபிடிக்கப்பட்டது. மூன்று மொழிகள்: சீனம், தமிழ், பாரசீகம். சீன மிங் பேரரசின் கடற்படைத் தளபதி செங் ஹே கொண்டுவந்த கல் அது. அதிலுள்ள திகதி 1409. அதாவது சீனாவிலேயே பொறித்து, கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்திருக்கிறார்கள். சீனப் பகுதி புத்தரைப் போற்றுகிறது. தமிழ்ப் பகுதி தேனவரை நாயனாரை, அதாவது மாத்தறைக்கு அப்பால் தெவிநுவரையில் கோவில் கொண்டிருந்த தெய்வத்தை வணங்குகிறது. பாரசீகப் பகுதி அல்லாஹ்வை. மூன்று இடத்திலும் காணிக்கைப் பட்டியல் ஏறக்குறைய ஒன்றுதான்: 1,000 பொன், 5,000 வெள்ளி, பட்டு, வாசனை எண்ணெய் என்று நீள்கிறது.

இதைப் படித்து மயங்கி, அந்தக் காலத்தில் எல்லாரும் ஒற்றுமையாக வாழ்ந்தார்கள் என்று எழுதுவது சுலபம். நான் அப்படி எழுதமாட்டேன். அதே பயணத்தில் செங் ஹே இலங்கையின் ஆட்சியாளன் அழகக்கோனாரைச் சிறைப்பிடித்துச் சீனாவுக்குக் கொண்டுபோனார். 1588 இல் தேனவரைக் கோவிலைப் போர்த்துக்கேயர் இடித்தார்கள். ஆனாலும் ஒரு விடயம் தெளிவு. காலித் துறையில் யாரோடு பேசவேண்டும் என்று நன்கிங்கில் இருந்து ஒருவர் கணக்குப் போட்டபோது, அதற்குரிய மொழிகளில் ஒன்றாகத் தமிழ் இருந்தது. கல் இப்போது கொழும்பு தேசிய நூதனசாலையில் இருக்கிறது. காலியில் அதன் கதையைச் சொல்ல வேண்டியது வழிகாட்டியின் வாய்தான்.

ஏன் சொல்வதில்லை என்று நானாவிடம் கேட்டேன். "கேக்கிறவங்களுக்கு ஒல்லாந்தக் கதைதான் வேணும், தங்கச்சி. வாறவங்க பாக்கிறது ஒல்லாந்த ஊடு, படுக்கிறது ஒல்லாந்த ஊட்டுல. அந்தக் கல்லும் இங்க இல்ல. இல்லாதத எப்பிடிக் காட்டுற?" நியாயமான பதில். எனக்கு முழுதாக ஒப்பவில்லை. இல்லாதவற்றைக் காட்டுவதுதானே வழிகாட்டியின் தொழிலில் பாதி? 1873 இல் பிரித்தானியர் பிரதான வாசலைத் திறக்குமுன் கோட்டை எப்படி இருந்தது என்பதையும் அவர்கள் இல்லாததைக் கொண்டே காட்டுகிறார்கள்.

வெளிச்சவீட்டுக்கு எதிரே, தூரத்தில் பார்த்தால் கிறிஸ்தவக் கோவிலோ என்று எண்ணவைக்கும் மீரான் ஜும்ஆப் பள்ளிவாசல். அதன் படியருகே நின்று, தெருவில் எந்தெந்த வீடு யாருடையதாக இருந்தது என்று நானா விரலால் எண்ணினார். ஒன்று விடுதி. ஒன்று உணவகம். ஒன்று வெளிநாட்டவர் ஒருவர் வாங்கி வருடத்தில் சில வாரம் வந்து தங்குவது. 2014 இல் காணிச் சட்டம் வெளிநாட்டவருக்குக் காணி கைமாறுவதைப் பெரிதும் மட்டுப்படுத்தியது. ஆனால் அதற்கு முன்பே நல்ல விலைக்குப் போனவை போய்விட்டன. விற்றவர்களைக் குறைசொல்ல முடியாது. ஒரு வீட்டை விற்ற காசில் கோட்டைக்கு வெளியே மூன்று பிள்ளைகளுக்கும் வீடு கட்டலாம். இருப்பவர்களுக்கோ ஓடு மாற்றுவதற்கும் அனுமதி வேண்டும். "இன்னம் இருவது வருசத்துல இந்தத் தெருவுல தமிழ் பேசுற ஊடு ஈக்குமோ தெரியா" என்றார்.

எட்டரைக்குத் தொழுகையும் இல்லை, வெயிலும் அதிகமில்லை. கொடிப்பாறைக் கொத்தளத்தில் பையன்கள் சுற்றுலாப் பயணிகளின் காசுக்காகக் கடலில் குதிக்க ஆயத்தமாகிக்கொண்டிருந்தார்கள். பேசிய நேரம் இரண்டு மணித்தியாலம். அது முடிந்து நாற்பது நிமிடம் ஆகியிருந்தது. நான் காசை எடுத்தபோது நானா, கிணற்று வீட்டில் நின்ற நேரத்தைக் கணக்கில் சேர்க்க மறுத்தார். அம்மாவைத் திரும்பிப் பார்த்தேன். லெயின் பான் வீதி முனையில், அந்த வீட்டு உம்மா கொடுத்தனுப்பிய சோற்றுக் கஞ்சிப் போத்தலைக் கையில் வைத்துக்கொண்டு, அடுத்த தடவை தான் கொண்டுவரப்போகும் பனங்கட்டியின் எண்ணிக்கையைப் பற்றி வாசலில் நின்றவர்களோடு கதைத்துக்கொண்டிருந்தார்.