ஸைட்ஷோ பாப்பின் உள்ளப்பாங்கு

ஹாஸ்யக் கதைகளில் வரும் துஷ்ட பாத்திரங்கள் பெரும்பாலும் காரணமின்றியே துஷ்டராயிருப்பர். கதை முடிந்ததும் நாமும் அவர்களை மறந்துவிடுவோம். அங்ஙனம் மறக்கவொண்ணாத ஒருவனை அமெரிக்கத் தொலைக்காட்சி நமக்கு அளித்துள்ளது. 1989ஆம் ஆண்டு தொடங்கிய 'தி ஸிம்ஸன்ஸ்' என்னும் அசையும் சித்திரத் தொடரில் இடையிடையே தோன்றும் ஸைட்ஷோ பாப் என்பானே அவன். பத்து வயதுச் சிறுவனாகிய பார்ட்டைக் கொல்லுதலே இவனது பெருவிருப்பம். அறிவும் வாய்ப்பும் நிரம்ப இருந்தும் அஃது இவனால் ஏன் இயலவில்லை என்பதையே ஈண்டு ஆராயப் புகுகின்றோம்.

இவனது இயற்பெயர் ராபர்ட் டெர்விலிகர். இசைநாடகத்திலும் இலக்கியத்திலும் ஆழ்ந்த பயிற்சியுடையவன். கெல்ஸி கிராமரின் கம்பீரமான குரலில் இவன் பேசக் கேட்போர், பண்டிதர் ஒருவர் பிரசங்கம் செய்கின்றாரென்றே எண்ணுவர். இத்தகையவன் க்ரஸ்டி என்னும் கோமாளிக்கு எடுபிடியாய் அமைந்தான். மேடையில் வாய் திறந்து பேச உரிமையில்லை. ஓர் ஊதுகுழலின் ஓசையே இவன் பேச்சு. இவனைப் பீரங்கியிலிட்டுச் சுடுவது குழந்தைகளுக்கு வேடிக்கை. சொல்வளம் மிக்கானை ஊமையாக்கி வைத்த இந்நிலையே பின்வந்த கேடுகட்கெல்லாம் வித்து என்பது எமது கருத்து. இவனைக் கண்டு நகைக்கும்போதே நமக்குச் சிறிது கூச்சமும் உண்டாகின்றது. கற்றதை எடுத்துரைக்கக் கேட்பாரின்றி ஒருகாலேனும் மனம் புழுங்காதார் நம்முள் யாவர்?

1990இல் வந்த கதையில், க்ரஸ்டியைப்போல் வேடந்தரித்து ஒரு கடையைக் கொள்ளையிட்டு, எஜமானனைச் சிறைக்கு அனுப்புகின்றான். பணம் இவனுக்கு ஒரு பொருட்டன்று. வென்றபின் செய்ததென்ன? அதே குழந்தைகள் நிகழ்ச்சியில் அமர்ந்து அலெக்ஸாந்தர் தூமாவின் நாவலை வாசித்துக் காட்டுகின்றான்! கோமாளியின் நீண்ட பாதரட்சைக்குள் இருப்பது சிறிய பாதமே. கொள்ளைக்காரனோ அதன் நுனியை ஒருவர் மிதித்ததும் வலியால் அலறினான். இதனை நினைவுகூர்ந்து உண்மையை வெளிப்படுத்தியவன் பார்ட். பகை அன்று பிறந்தது.

உளநூலறிஞர் ஆல்பிரட் ஆட்லர் (1870–1937) விளக்கிய தாழ்வு மனப்பான்மை இங்கு நினைவுக்கு வருதல் இயல்பு. அதனை மட்டும் கொண்டு இவனை அளத்தல் போதாது. எவரை மூடரென இகழ்கின்றானோ அவர்தம் கரகோஷமே இவனுக்கு வேண்டும், விந்தை இதுவே.

1993ஆம் ஆண்டுக் கதை இதற்குத் தக்க சான்று. (சருகு வாரும் கருவிகளை ஒன்பது முறை மிதித்து இவன் முகத்தில் அடிபடும் காட்சிக்காகவே பலர் அதனை நினைவில் வைத்திருப்பர், அவர்களை நாம் குறைகூறோம்.) படகுவீட்டில் பார்ட் தப்ப வழியின்றி அகப்படுகின்றான். கடைசி விருப்பமாக, பாப்பின் குரலினிமையைப் புகழ்ந்து, கில்பர்ட்டும் ஸல்லிவனும் இயற்றி 1878இல் அரங்கேறிய 'எச். எம். எஸ். பினஃபோர்' என்னும் இசைநாடகம் முழுவதையும் பாடிக்காட்ட வேண்டுகின்றான். இது காலங்கடத்தும் தந்திரமென்பது குழந்தைக்கும் விளங்கும், பாப்புக்கு விளங்காதா? ஆயினும், கேட்க ஒருவன் எதிரே இருக்கப் பாடாதிருத்தல் இவனால் ஆகாது. ஆடிப் பாடி முடிவதற்குள் படகு ஸ்பிரிங்பீல்டு நகரை அடைகின்றது. போலீஸார் கையில் அகப்படுகின்றான்.

1994இல் வாக்குமோசடியால் நகரத் தலைவனாகின்றான். நீதிமன்றத்தில், இத்துணைப் பெரிய சூழ்ச்சிக்கு வேண்டிய மூளை உனக்கில்லை என்னும் கருத்துப்படப் பார்ட்டும் அவன் தங்கை லிஸாவும் ஏளனஞ்செய்ய, அது பொறாது, தானே குற்றத்தை ஒப்புக்கொண்டு ஆதாரங்களையும் எடுத்து நீட்டுகின்றான். சிறைவாசத்தைப் பொறுப்பான்; தன் அறிவை ஒருவர் ஐயுறுதலைப் பொறான்.

2002இல் பார்ட்டைக் கொல்லும் வாய்ப்புக் கைகூடியும், அம்முகம் தனக்குப் பழகிப்போயிற்றெனப் பாட்டாகவே சொல்லி விட்டுவிடுகின்றான். 2015இல் வந்த, தொடரின் மெய்க்கதையிற் சேராத ஒரு பேய்க்கதையில் மட்டும் வெல்கின்றான், பார்ட் இறக்கின்றான். பின்னர் வாழ்வு வெறுமையாகின்றது. இறந்தவனை எழுப்ப ஓர் இயந்திரம் செய்கின்றான். எழுந்தவனைக் கொல்கின்றான், மீண்டும் எழுப்புகின்றான்.