கூட்டுறவுச் சங்கத்தில் தேர்தல் நடக்கவில்லையா? உறுப்பினர் செய்ய வேண்டியவை

அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரங்கள் வானம் பார்த்த பூமி. ஐப்பசி மழையை நம்பி உளுந்து, பருத்தி, மக்காச்சோளம், குதிரைவாலி விதைக்கும் கரிசல் விவசாயிக்கு விதைப்புக்கு முன்பே கையில் பணம் வேண்டும். பயிர்க்கடனுக்கும் உரத்திற்கும் அவர் நாடுவது தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தையே. அதன் நிர்வாகக் குழுவுக்குத் தேர்தல் நடக்காவிட்டால், மழை பொய்த்த ஆண்டில் உறுப்பினருக்காகப் பேச அவர் தேர்ந்தெடுத்த ஆள் எவரும் இருக்கமாட்டார்.

தமிழகத்தில் இது புதிதல்ல. தனி அலுவலர்களை நியமிப்பதற்கென்றே 1976-இல் ஒரு சட்டம் வந்தது. 2001-இல் குழுக்கள் கலைக்கப்பட்டபின், 2013-இல்தான் மாநிலம் முழுவதும் முறையான தேர்தல் நடந்தது. 2018-இல் தேர்வான குழுக்களின் 5 ஆண்டுப் பதவிக்காலம் 2023-இல் முடிந்ததும், சங்கங்கள் மீண்டும் அலுவலர்கள் பொறுப்பில் வந்தன.

எந்தச் சட்டம் துணை?

பதவிக்காலம் முடியுமுன் தேர்தல் நடத்த வேண்டும் என்றது அரசியலமைப்பின் 97-ஆவது திருத்தம். பாதி மாநிலங்களின் ஒப்புதல் பெறாததால் மாநிலச் சங்கங்களுக்கு அப்பகுதி செல்லாது என 2021 ஜூலையில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனவே நம் சங்கங்களுக்கு 1983-ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டமே அடிப்படை. மனுக்களும் அதன்படியே அமைய வேண்டும்.

முதலில் பெயர்

தேர்தல் கேட்பவரின் பெயர் உறுப்பினர் பட்டியலில் இருக்க வேண்டும். தந்தை காலமாகியும் பங்கு அவர் பெயரிலேயே இருந்தால் மகனுக்கு வாக்கு இல்லை. வாரிசுச் சான்றுடன் மாற்றிக்கொள்ள வேண்டும். நகைக்கடனுக்காகச் சேர்க்கப்பட்டவர் இணை உறுப்பினராக இருக்கக்கூடும். இணை உறுப்பினருக்கு வாக்குரிமை கிடையாது. பங்குத்தொகை ரசீதுகளைப் பத்திரப்படுத்துவது நல்லது.

அடுத்து மனு

பலர் கையொப்பமிட்ட மனுவைச் சரகத் துணைப்பதிவாளருக்கும், விருதுநகர் மண்டல இணைப்பதிவாளருக்கும், மாநிலக் கூட்டுறவுச் சங்கங்கள் தேர்தல் ஆணையத்துக்கும் அனுப்பலாம். குழுவின் பதவிக்காலம் முடிந்த நாளைக் குறிப்பிட்டு, ஒப்புகை பெற்றுக்கொள்ள வேண்டும். தகவல் உரிமைச் சட்டப்படி சங்கச் செயலாளரிடம் கேட்பதைவிடப் பதிவாளர் அலுவலகத்தில் கேட்பதே பலன் தரும். சங்கம் பொது அமைப்பு அல்ல என்றாலும், பதிவாளர் சட்டப்படி பெறக்கூடிய விவரங்களை அவர் வழியே கேட்டுப் பெறலாம் என்பது 2013-இல் கேரளச் சங்க வழக்கில் உச்சநீதிமன்றம் கூறியது.

சங்க நிர்வாகம் பற்றிய தாவாவை 90-ஆவது பிரிவின்படி பதிவாளர் முன் வைக்கலாம். கணக்கில் முறைகேடு இருப்பதாகத் தோன்றினால் 81-ஆவது பிரிவின்படி விசாரணை கோரலாம்.

கடைசியாக நீதிமன்றம்

மனுவுக்குப் பதில் இல்லையெனில் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் நீதிப்பேராணை கோரலாம். எதிர்மனுதாரர் யார் என்பது இங்கே முக்கியம். கூட்டுறவுச் சங்கத்தின் மீது பொதுவாகப் பேராணை மனு செல்லாது. சட்டக் கடமையைச் செய்யாத பதிவாளர் மீது செல்லும். மாரப்பன் வழக்கில் 2006-இல் சென்னை உயர்நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதைத் தெளிவாக்கியது. முன்னதாக மனுக் கொடுத்ததற்கான ஒப்புகை இங்கேதான் கைகொடுக்கும். வக்கீல் கட்டணம் செலுத்த இயலாத ஏழைகளும், பெண்களும், பட்டியல் இனத்தவரும் வட்ட சட்டப் பணிகள் குழுவில் இலவச உதவி கேட்கலாம்.

விதைப்பு நெருங்கியபின் அலைவதைவிட, கோடை உழவு முடிந்த ஓய்வு நாட்களிலேயே பாஸ் புத்தகம், பங்கு ரசீது, பட்டா நகல் மூன்றுடனும் சங்கத்துக்குச் சென்று, பட்டியலில் தம் பெயர் உள்ளதா எனச் சரிபார்ப்பது ஒவ்வோர் உறுப்பினருக்கும் நல்லது.